கரையிலிருந்து எடுத்துக் கட்டிய வீடுகள்: வாசகர் கேள்வி பதில்

சென்ற இதழில், வெள்ளவத்தையில் பழைய வீடொன்று இடிக்கப்பட்டதைப் பற்றி இரண்டே இரண்டு வரி எழுதியிருந்தேன். அதற்கு வந்த கடிதங்கள் மேசையில் ஒரு கட்டாகக் கிடக்கின்றன. ஆகையால் மற்றக் கேள்விகளை அடுத்த இதழுக்குத் தள்ளிவைத்துவிட்டு, இம்முறைப் பக்கங்கள் முழுவதையும் நமது கரையோர வீடுகளுக்கே ஒதுக்குகிறேன்.

கேள்வி: எங்கள் ஒழுங்கையில் இடிக்கப்பட்ட வீட்டின் சுவருக்குள் செங்கல் இல்லை, தேன்கூடு போலத் துளைகள் நிறைந்த சிவப்புக் கல்தான் இருந்தது. அது ஒல்லாந்தர் காலத்து வீடு என்று அயலவர்கள் சொல்கிறார்கள். உண்மையா?
(வாசகி, வெள்ளவத்தை)

கல்லைச் சரியாகக் கண்டுகொண்டீர்கள். காலத்தைத்தான் அயலவர்கள் தாராளமாகக் கூட்டிவிட்டார்கள். அது செம்பூரான் கல். சிங்களத்தில் 'கபொக்' என்பார்கள். நிலத்தினுள் இருக்கும்போது கோடரியால் வெட்டக்கூடிய அளவுக்கு மென்மையாக இருக்கும் இக்கல், வெட்டியெடுத்து வெயிலிலும் காற்றிலும் போட்டபின் இறுகிக் கெட்டியாகிவிடும். மழை மிகுந்த தென்மேற்குக் கரையில் இது தாராளமாகக் கிடைத்ததால், போர்த்துக்கேயரும், 1656 இல் அவர்களிடமிருந்து கொழும்பைக் கைப்பற்றிய ஒல்லாந்தரும், 1796 இல் வந்த ஆங்கிலேயரும் இதையே வெட்டிக் கட்டினார்கள். 1749 இல் தொடங்கி 1757 இல் முடிக்கப்பட்ட வுல்பெண்டால் தேவாலயத்தின் சுவர்கள் ஏறக்குறைய ஐந்தடி தடிப்புள்ளவை. அவையும் செம்பூரான் கல்லும் சுண்ணாம்புச் சாந்தும்தான். ஆகவே கல்லை மட்டும் வைத்துக் காலத்தைச் சொல்ல முடியாது.

வெள்ளவத்தை என்ற பெயருக்கு மணல் தோட்டம் என்று பொருள். கரையோரப் புகையிரதப் பாதை வந்தபின்தான் அந்த மணல் தோட்டங்கள் குடியிருப்பு வளவுகளாகத் துண்டாடப்பட்டன. எனவே அங்குள்ள பழைய வீடு என்பது பெரும்பாலும் பத்தொன்பதாம் நூற்றாண்டின் கடைசியிலோ இருபதாம் நூற்றாண்டின் முற்பாதியிலோ எழுந்ததாகவே இருக்கும்.

இடித்த குவியல் இன்னும் அங்கே கிடந்தால் ஒன்று செய்து பாருங்கள். உடையாத கூரை ஓடு ஒன்றை எடுத்துப் புரட்டிப் பாருங்கள். பழைய நாட்டு வீடுகளுக்கு அரைக்குழாய் வடிவப் பீலி ஓடுதான் போடுவார்கள். தட்டையான கள்ளிக்கோட்டை ஓடாக இருந்தால் அதன் அடியில் தொழிற்சாலையின் பெயர் பொறிக்கப்பட்டிருக்கும். சிலவற்றில் 1865 என்ற ஆண்டும் இருக்கும். அதைக் கண்டதும் வீடு 1865 இல் கட்டப்பட்டது என்று மகிழ்ந்துவிடாதீர்கள். மங்களூரில் பாசல் மிஷன் ஓட்டுத் தொழிற்சாலை தொடங்கிய ஆண்டு அது. பின்னர் பல்லாண்டுகள் வார்த்த ஓடுகளிலும் அதே ஆண்டைப் பொறித்தார்கள். வீடு 1865க்குப் பிந்தியது, அல்லது கூரை பிந்தியது என்பதற்கு மேல் அந்த எண் ஒன்றும் சொல்லாது. வீட்டின் சரியான காலம் காணி உறுதியிலும் பழைய நில அளவைப் படத்திலும்தான் இருக்கும்.

கேள்வி: அப்படியானால் உண்மையான ஒல்லாந்தர் வீட்டைக் கொழும்பில் எங்கே பார்க்கலாம்?
(வாசகர், தெஹிவளை)

புறக்கோட்டை பிரின்ஸ் வீதியில், சாமான் ஏற்றி இறக்கும் லொறிகளுக்கு நடுவே, பருத்த தூண்கள் வரிசையாக நிற்கும் ஒரு நீண்ட முகப்பு இருக்கிறது. பதினேழாம் நூற்றாண்டின் பிற்பாதியில் எழுந்த அந்த வீடு, பின்னர் இராணுவ மருத்துவமனையாகவும் தபால் கந்தோராகவும் இருந்து, 1982 இல் ஒல்லாந்தர் கால நூதனசாலையாகத் திறக்கப்பட்டது. தெருவின் இரைச்சல் உள்முற்றத்துக்கு வந்து சேர்வதற்குள் பாதியாகக் குறைந்துவிடுகிறது என்பதை அங்கே நின்று பார்த்தால் உணர்வீர்கள். கோட்டையில் உள்ள பழைய ஒல்லாந்த மருத்துவமனை 2011 முதல் கடைத்தொகுதியாக இருக்கிறது. சாப்பிடப் போகிறவர்கள் ஒருமுறை தலையை நிமிர்த்திக் கூரை மரங்களையும் பார்க்க வேண்டும்.

கேள்வி: என் அம்மம்மா யாழ்ப்பாணத்து 'நாற்சார் வீடு' பற்றி ஓயாமல் சொல்வார். வீட்டின் நடுவில் இவ்வளவு இடத்தை வெறுமையாக விடுவது வீண் அல்லவா? கொழும்பில் ஏன் அப்படிக் கட்டவில்லை?
(கல்லூரி மாணவி, கொட்டாஞ்சேனை)

சார் என்பது ஒருபக்கம் சரிந்த கூரையுள்ள பகுதி. நான்கு சார்கள் நான்கு பக்கமும் நிற்க, நடுவில் வானம் பார்த்த முற்றம் கிடப்பது நாற்சார் வீடு. நடு முற்றத்தை வெறுமை என்று சொன்னால் உங்கள் அம்மம்மாவுக்குக் கோபம் வரும். நெல்லும் மிளகாயும் காய்வது அங்கே. கலியாணப் பந்தல் அங்கே. செத்தவீட்டில் உடலைக் கிடத்துவதும் அங்கேதான். தெருவுக்கு முதுகு காட்டிக்கொண்டு உள்ளே காற்றையும் வெளிச்சத்தையும் வாங்கிக்கொள்ளும் வீடு அது. வெயிலில் முற்றத்துக் காற்று சூடேறி மேலெழ, நிழல் விழுந்த அறைகள் வழியாகக் குளிர்ந்த காற்று உள்ளே இழுபடும். மின்விசிறி வராத காலத்தில் இதைவிட நல்ல ஏற்பாடு கிடையாது.

மழைநீர் பிடிப்பதும் அந்த முற்றத்தில்தான். யாழ்ப்பாணக் குடாநாட்டில் ஆண்டு முழுவதும் ஓடும் ஆறு ஒன்றுகூட இல்லை. மழை பெரும்பாலும் ஐப்பசி, கார்த்திகை, மார்கழியில் பெய்துவிட்டுப் போய்விடும். பெய்த நீர் சுண்ணக்கல் பாறையின் வெடிப்புகளில் இறங்கி, கீழேயுள்ள உப்புநீரின் மேல் மிதந்தாற்போல நிற்கிறது. கிணறுகள் அதைத்தான் மொள்ளுகின்றன. என் பாட்டனாரின் வீட்டில், முதல் மழை கூரையைக் கழுவிய பிறகு, நான்கு சார்களும் கூடும் மூலைகளில் தகரப் பீலிகளின் கீழ் பித்தளை அண்டாக்களை வைப்பார்கள். வெறும் அண்டாவில் விழும்போது கேட்கும் முழக்கம், நீர் ஏற ஏறத் தணிந்து, கடைசியில் வழியும் ஓசையாக மாறும். அண்டா நிறைந்ததென்று யாரும் எழுந்து போய்ப் பார்ப்பதில்லை, காதே சொல்லிவிடும். அந்த நீரில் பருப்பு விரைவாக அவியும் என்பது பாட்டியின் தீர்மானமான கருத்து. சுண்ணக்கல் நிலத்துக் கிணற்று நீர் கடினநீர் என்பதால் அவர் சொன்னது சரிதான் என்று பிற்காலத்தில் விளங்கிக்கொண்டேன்.

அந்த வீட்டில் வெளியூரிலிருந்து வந்த பொருள் மிகக் குறைவு. சுவர் முருகைக்கல், அதாவது பவளக்கல்; அதே கல்லைச் சூளையில் சுட்டு நீற்றியதே சாந்து. கூரைக்கு வைரமேறிய பனை, அதாவது கறையான் பல் பதியாத கருத்த மரம். வேலிக்குக் கிடுகும் பனையோலையும். படலைக்கு மேல் சிறு கூரை போட்டு, இருபக்கமும் வழிப்போக்கர் இருக்கத் திண்ணை கட்டினால் அது சங்கடப்படலை. நெடுந்தீவில் ஓலை வேலிக்குப் பதிலாக முருகைக்கற்களைச் சாந்தில்லாமல் ஒன்றன்மேல் ஒன்று அடுக்கி வேலியாக்கியிருப்பதை இன்றும் காணலாம். தீவில் எது மலிவோ அது வேலியாகிறது. 1950 இல் காங்கேசன்துறையில் சீமெந்துத் தொழிற்சாலை வந்ததும் இதே சுண்ணக்கல் நிலத்தை நம்பித்தான். நாற்சார் வீட்டைப் பழங்கதையாக்கிய சீமெந்தும் அந்த நிலத்திலிருந்தே வந்தது என்பது எனக்கு எப்போதும் வியப்பூட்டும்.

கொழும்பில் பத்துப் பேர்ச் காணிக்குள் முற்றம் விட்டால் அறைக்கு இடமிராது என்பதே உங்கள் இரண்டாவது கேள்விக்குப் பதில். ஆனாலும் ஒருவர் அதை மீட்டுக் காட்டினார். கட்டடக் கலைஞர் ஜெப்ரி பாவா 1960களின் தொடக்கத்தில் கொழும்பு அல்பிரட் பிளேஸில் பத்திக் கலைஞர் ஈனா டி சில்வாவுக்குக் கட்டிய வீடு, நகரத்துச் சிறு காணியில் சுற்றுச் சுவருக்குள் முற்றங்களை வைத்து எழுந்தது. பிற்காலத்தில் அதைக் கல் கல்லாகக் கழற்றி, பெந்தோட்டைக்கு அருகில் பாவாவின் லுணுகங்கைத் தோட்டத்துக்குக் கொண்டுபோய் மீண்டும் நிறுத்தினார்கள். சிங்களக் கிராமத்து வளவு வீடுகளிலும் நடு முற்றம் உண்டு. ஆகவே அதை யாழ்ப்பாணத்தவரின் தனிச்சொத்து என்று நாம் உரிமை கொண்டாடாமல் இருப்பது நல்லது.

கேள்வி: தமிழ்நாட்டிலிருந்து வந்த உறவினர்கள், நாங்கள் யன்னல், குசினி, அலுமாரி என்று சொல்வதைக் கேட்டுச் சிரிக்கிறார்கள். இவை எங்கிருந்து வந்தவை?
(வாசகி, பம்பலப்பிட்டி)

அவர்களும் ஜன்னல் என்றுதான் சொல்கிறார்கள். அதுவும் போர்த்துக்கேயச் சொல்தான். ஆகவே நீங்களும் திருப்பிச் சிரிக்கலாம். விறாந்தை, யன்னல், குசினி, அலுமாரி, கதிரை, மேசை, வாங்கு, சாவி, இத்தனையும் போர்த்துக்கேயர் விட்டுப்போனவை. சுவர் இடிக்கப் பயன்படும் அலவாங்கும் அவர்களுடையதே. ஒல்லாந்தர் அவர்களைவிட நீண்ட காலம் கொழும்பை ஆண்டும் வீட்டுக்குள் குறைவாகவே நுழைந்தார்கள்: மேசையின் லாச்சி, வளவின் கோடியில் கக்கூசு, வெளியே போனால் கந்தோர். வீட்டில் கூடிப் புழங்கியவர்கள் யார், கணக்கு எழுதிவிட்டுப் போனவர்கள் யார் என்பதை இப்பட்டியலே காட்டிவிடுகிறது. கூரை, சுவர், திண்ணை, முற்றம், படலை, கிணறு ஆகியவை தமிழாகவே இருக்கின்றன என்பதையும் உறவினர்களிடம் சொல்லி வையுங்கள்.

கேள்வி: கொழும்பில் கடற்கரையை ஏன் புகையிரதத்துக்குக் கொடுத்துவிட்டார்கள்? காலி வீதி வீடுகள் எல்லாம் கடலுக்கு முதுகைக் காட்டுகின்றனவே?
(வாசகர், கல்கிசை)

வீதிக்கும் கடலுக்கும் இடையில் ஏற்கெனவே தோட்டங்களும் உறுதிகளும் இருந்தன. அலை தொடும் மணற்பட்டிக்கு அவ்வளவு உரிமைகோரிக்கை இருக்கவில்லை. பாதை 1877 இல் பாணந்துறை வரையும், 1894 இல் காலி வரையும், 1895 இல் மாத்தறை வரையும் போய்ச் சேர்ந்தது. கடலைப் பார்த்த வீடு விலை கூடியது என்ற எண்ணம் மிகவும் புதியது. வைகாசி தொடங்கிப் புரட்டாதி வரை வீசும் தென்மேற்குப் பருவக்காற்று, உப்புத் தூவலைக் கொண்டுவந்து கதவுக் கீல்களைத் தின்றுவிடும். காற்றும் கடலும் காண விரும்பியவர்களுக்கு, ஆளுநர் சேர் ஹென்றி வார்ட் 1859 இல் செப்பனிட்டு முடித்த காலிமுகத்திடல் இருந்தது. வசதியுள்ளவர்கள் கடலை விட்டுத் தள்ளியுள்ள கறுவாத்தோட்டப் பகுதிக்குள் போய்விட்டார்கள். தண்டவாளத்தின் கடற்பக்கம் கருங்கற்களைக் கொட்டிக் கொட்டித்தான் பாதையைக் காக்கிறார்கள் என்பதை, வெள்ளவத்தை நிலையத்தில் ஐந்து நிமிடம் நின்றால் காணலாம்.

கேள்வி: பழைய சுண்ணாம்பு வீடு நூறு ஆண்டு நிற்கிறது. எங்கள் தொடர்மாடியோ பத்தே ஆண்டில் பலகணியின் அடிப்பக்கம் பெயர்ந்து விழுகிறது. என்ன காரணம்?
(வாசகர், வெள்ளவத்தை)

இக்கேள்விக்கு நடுநிலையாகப் பதில் சொல்ல எனக்குத் தகுதி இல்லை. கடலுக்கு இரண்டு ஒழுங்கை தள்ளி நான் வாங்கிய தொடர்மாடி வீட்டிலும் இதே கதைதான். ஒருநாள் காலையில் பலகணியில் தேநீரோடு நின்றபோது, மேல்மாடிப் பலகணியின் அடியிலிருந்து உள்ளங்கையளவு சீமெந்துத் துண்டு ஒன்று என் காலடியில் விழுந்தது. விழுந்த இடத்தை அண்ணாந்து பார்த்தால், சுண்டுவிரல் தடிப்புக் கம்பி ஒன்று பெருவிரலளவு வீங்கி, செதில் செதிலாக உரிந்துகொண்டிருந்தது. கட்டியவரைத் தேடிப் போனால், "கடற்காற்று ஐயா, நாங்கள் என்ன செய்வது" என்றார். கடற்காற்று அவர் கட்டுவதற்கு முன்பும் அங்கேதான் வீசிக்கொண்டிருந்தது.

நடப்பது இதுதான். உப்பு கலந்த ஈரம் கொங்கிறீட்டின் நுண்துளைகள் வழியாகக் கம்பியைப் போய்த் தொடுகிறது. இரும்பு துருவாகும்போது அதன் பருமன் சில மடங்கு பெருகுகிறது. அந்த நெருக்கடியைத் தாங்காமல் மேலேயுள்ள கொங்கிறீட்டு வெடித்துப் பெயர்கிறது. கம்பிக்கு மேலே போதிய தடிப்பில் கொங்கிறீட்டு மூடாவிட்டாலும், கலவை இறுக்கமாக இல்லாவிட்டாலும், சரியாகக் கழுவாத கடல் மணலைப் போட்டுவிட்டாலும் இது விரைவில் நேரும். கடலடி மணலை அகழ்ந்து முத்துராஜவெலப் பக்கம் மலைபோல் குவித்து, மழை உப்பைக் கழுவிய பின் விற்கும் ஏற்பாடு இருக்கிறது. அவசரத்தில் இருப்பவர்கள் மழைக்குக் காத்திருப்பார்களா என்பதே என் கவலை. பழைய வீட்டில் துருப்பிடிக்கக் கம்பியே இல்லை. சுண்ணாம்புச் சாந்து ஈரத்தை வாங்கிப் பின் வெளியே விட்டுவிடும். மேற்பூச்சு உதிர்ந்தால் மறுபடி பூசிக்கொள்ளலாம். செம்பூரான் கல்லோ முருகைக்கல்லோ உள்ள சுவருக்கு மேல் இறுக்கமான சீமெந்துப் பூச்சுப் போட்டு 'பலப்படுத்துகிறவர்கள்' ஈரத்தை உள்ளே அடைத்துவிடுகிறார்கள். பழைய வீடு வைத்திருப்போர் தயவுசெய்து அதைச் செய்யாதீர்கள்.

கேள்வி: நீர்கொழும்புக்குப் போகும் வழியில் உள்ள முத்துராஜவெல ஒரு காலத்தில் வயலாக இருந்ததா? பெயரில் 'வெல' இருக்கிறதே.
(ஆசிரியர், வத்தளை)

இருந்தது என்பதே மரபு. சிங்களத்தில் வெல என்றால் வயல்தான். களனி ஆற்றுக்கும் நீர்கொழும்புக் களப்புக்கும் இடையில் மூவாயிரம் ஹெக்டேயருக்கும் சற்று அதிகமாகப் பரந்த சேற்று நிலம் அது. கறுவாவையும் சரக்கையும் வள்ளத்தில் கொண்டுவர வாய்க்கால் வெட்டியபோது, சரக்கோடு களப்பின் உப்புநீரும் உள்ளே வந்தது; நெல் போய்விட்டது. ஒல்லாந்தர் மீட்க முயன்றும் கைகூடவில்லை. 1802 இல் தொடங்கி 1804 இல் ஆங்கிலேயர் முடித்த ஹமில்டன் கால்வாய் ஏறத்தாழ 14.5 கிலோமீற்றர் நீளமானது. அது உப்பை மேலும் உறுதிப்படுத்தியது. கால்வாய்க்கும் கடலுக்கும் இடையிலுள்ள ஒடுங்கிய மணற்பட்டியில், ஒரு வாசல் கடலையும் மறு வாசல் கால்வாயையும் பார்த்த மீனவர் வீடுகள் இன்றும் உள்ளன. ஆற்று மணலைக் கட்டடத்துக்கு அள்ளிக்கொண்டதால் கடலுக்குப் போய்க் கரையில் படிய வேண்டிய மணல் குறைந்து, அந்தப் பட்டி அரிக்கப்பட்டு வருகிறது. கொழும்பின் ஒரு சுவர் எழும்பும்போது அந்தப் பட்டியிலுள்ள உஸ்வெட்டகெய்யாவையின் ஒரு முற்றம் குறைகிறது என்று சொன்னால் அது வெறும் அலங்காரப் பேச்சல்ல.

கேள்வி: முருகைக்கல் வீடு இவ்வளவு நல்லதென்றால், ஏன் தடை செய்தார்கள்?
(வாசகர், மருதானை)

தடை வீட்டுக்கு அல்ல, கல்லெடுப்புக்கு. யாழ்ப்பாணத்தில் எடுத்தது பெரும்பாலும் நிலத்துக் கல். தெற்கிலோ அக்குரல, ஹிக்கடுவைப் பக்கங்களில் நிலத்தைத் தோண்டியதோடு நில்லாமல், கடலில் உயிரோடிருக்கும் முருகைப் பாறையையும் உடைத்துச் சூளைக்கு அனுப்பினார்கள். கொழும்பில் பூசிய சுண்ணாம்பில் பெரும்பங்கு அங்கிருந்து வந்தது. 1981 ஆம் ஆண்டின் கரையோரம் பேணல் சட்டமும் அதன் பிந்திய திருத்தங்களும் இதற்கு எதிராக வந்தன. சூளைக்காரருக்கு வேறு தொழில் இருக்கவில்லை என்பதால் உடைப்பு உடனே நிற்கவில்லை.

2004 டிசம்பர் 26 அன்று ஆழிப்பேரலை வந்தது. ஹிக்கடுவைக்குச் சற்று வடக்கே பெரலியவில் நின்ற புகையிரதத்தைக் கவிழ்த்து, ஏறத்தாழ 1,700 பேரைக் கொண்டுபோனது. பாறை பாதுகாக்கப்பட்ட ஹிக்கடுவையில் நீர் சிறிது தூரமே ஏறியதையும், பாறை உடைக்கப்பட்ட அந்த அயற்கரையில் வெகுதூரம் உட்புகுந்ததையும் பின்னர் அளந்த ஆய்வாளர்கள் எழுதினார்கள். பாறை இருந்திருந்தால் எல்லோரும் தப்பியிருப்பார்கள் என்று சொல்ல மாட்டேன். அலையின் போக்கைக் கடலடியின் அமைப்பும் கரையின் வளைவும் சேர்ந்தே தீர்மானிக்கின்றன. அதன்பின் அரசு மேற்கிலும் தெற்கிலும் 100 மீற்றர், வடக்கிலும் கிழக்கிலும் 200 மீற்றருக்குள் வீடு கட்டக்கூடாது என்று எல்லை வகுத்து, பிறகு அதைத் தளர்த்தியது. வலையும் வள்ளமும் வைத்திருப்பவனை 200 மீற்றர் பின்னால் குடியேறச் சொல்லிவிட்டு, அந்த இடத்தில் உல்லாச விடுதிக்கு இடங்கொடுத்தால் அவன் எப்படி ஏற்பான் என்று அன்று கேட்கப்பட்ட கேள்வி நியாயமானதே.

கேள்வி: செட்டியார் தெருவுக்கு ஆங்கிலத்தில் 'கடல் தெரு' என்று பொருள்படும் பெயர் ஏன்? அங்கே கடலே இல்லையே.
(நகைக்கடை ஊழியர், கொழும்பு 11)

கடல் உங்கள் கடைக்குப் பின்னால்தான் இருந்தது; துறைமுகம்தான் அதைத் தள்ளிக்கொண்டு போனது. 1875 இல் அலைதாங்கிக்கு அடிக்கல் நாட்டி 1885 இல் அதைக் கட்டி முடிக்கும்வரை, பருவக்காற்றுக் காலத்தில் கொழும்பில் நங்கூரமிட அஞ்சிய பெரிய கப்பல்கள் காலியையே நம்பியிருந்தன. அதன்பின் காலி தூங்கியது, கொழும்பு வீங்கியது; தூர்த்த நிலத்தில் பண்டகசாலைகள் எழுந்து தெருவுக்குக் கடலை மறைத்தன. ஆங்கிலப் பெயர் இடத்தை நினைவில் வைத்திருக்கிறது. தமிழ்ப் பெயர் அங்கே முன்பக்கம் கடையும் பின்பக்கம் நீண்ட வீடுமாக வாழ்ந்த நகரத்தாரை நினைவில் வைத்திருக்கிறது. அவர்களுடைய கதிரேசன் கோயில்களிலிருந்து ஆடிவேல் தேர் புறப்பட்டுப் பம்பலப்பிட்டிக்குப் போகும்போது, காலிமுகத்திடலுக்கு வந்த பிறகுதான் அதற்குக் கடல் கண்ணில் படுகிறது.